நடுவில் வந்த பந்து

பேஸ்பாலில் பந்து வீசுகிற பிட்சர் என்றால் சில நாள் குறி தப்பத்தான் செய்யும். லிபோக் அதைப் பெரிய குறையாக நினைப்பவனில்லை. ஆனால் தப்புவதிலும் ஒவ்வொருவனுக்கும் ஒரு வழக்கம் உண்டு. ஆ-துங் களைத்துப்போனால் அவன் பந்து மேலே ஏறும். எரிச்சலில் இருந்தால் விலகி, பேட்டரின் விலாவை நோக்கிப் போகும். நடுவில் மட்டும் வராது. சில வருஷங்களாக அவன் பந்தைப் பிடித்துவந்த லிபோக்கின் இடது உள்ளங்கைக்கு அது நன்றாகத் தெரியும்.

மழைக்காலம் தொடங்கியதிலிருந்து அது நடுவில் வந்துகொண்டிருந்தது.

எல்லாப் பந்தும் அப்படி இல்லை. ஆட்டத்தின் போக்கு மாறக்கூடிய நேரத்தில் ஒன்று, மிஞ்சினால் இரண்டு. லிபோக் வெளி மூலையில், முழங்கால் உயரத்தில் கையுறையை நீட்டிக் காத்திருப்பான். பந்தோ பேட்டருக்கு முன்னால் தரையில் பதித்த வெள்ளைப் பலகைக்கு நேர் மேலே, கண்ணை மூடிக்கொண்டு வீசினாலும் மட்டையில் படுகிற இடத்தில் வரும். அப்புறம் அது கையுறைக்கு வந்து சேர்வதே இல்லை. அப்படி இரண்டு ஆட்டங்களில் அவர்களுடைய சுறா அணி தோற்றது. இரண்டு தடவையும் கோச் லியாவ் திட்டியது லிபோக்கைத்தான்.

"பிட்சர் மேல பழி போடாத. என்ன பந்து வேணும்னு கேக்கறது நீ. இத்தன வருஷம் குந்தி உக்காந்து என்னத்தக் கத்துக்கிட்ட?"

வீட்டில் சாப்பிடும்போது லிபோக் விரல்களை மடக்கி நீட்டி, என்ன பந்து வேண்டும் என்று அன்று பிட்சருக்குக் காட்டிய சைகைகளை ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தான். மனைவி பானாய், "சோத்துக்குமா சைகை காட்டுவ?" என்று கேட்டாள். தன்னிடம்தான் கோளாறு என்று அவன் கிட்டத்தட்ட நம்பிவிட்டான்.

அவன் தைவானில், தைதுங் கடற்கரை ஊரில் பிறந்த அமிஸ் பழங்குடிக்காரன். பள்ளி அணியில் இருந்த எல்லாரும் அவனைவிட வேகமாக ஓடினார்கள். பேட்டருக்குப் பின்னால் பந்து பிடிக்கிற கேட்சருக்கு ஓட வேண்டிய வேலை இல்லை என்று அவனைப் பலகைக்குப் பின்னால் உட்கார வைத்தார்கள். உட்கார்ந்தவன் எழுந்திருக்கவே இல்லை. தொழில்முறை அணிக்கு வந்து முட்டி தேய்ந்தது, வலது கை விரல்களில் இரண்டு உடைந்து கோணலாகச் சேர்ந்தன. ஆனாலும் அவன் எறி கெடவில்லை. முதல் பேஸில் நிற்கும் எதிரணிக்காரன், பிட்சர் பந்து போடும் நேரம் பார்த்து இரண்டாவது பேஸுக்குத் திருட்டு ஓட்டம் ஓடினால், லிபோக் பந்தைப் பிடித்த வேகத்தில் எழுந்து அங்கே எறிவான். பந்து வளைந்து போகாது. நடுவில் மேட்டில் நிற்கும் பிட்சரின் தொப்பியை உரசுவதுபோல் கோடு போட்டுப் போகும். சுறா அணிக்கு வருகிற பிட்சர் முதலில் கற்றுக்கொள்வது பந்து போடுவதை அல்ல, குனிவதை என்று ஒரு கேலி உண்டு.

ஆ-துங் யுன்லின் பக்கத்துப் பூண்டு விவசாயியின் மகன். வாயாடி. லிபோக்கை "அண்ணே" என்று கூப்பிட்டுக்கொண்டே அவன் தட்டிலிருந்து கறியை எடுத்துத் தின்கிறவன். அந்த வசந்தத்தில்தான் அவனுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்திருந்தது. பானாய் நல்லெண்ணெய்க் கோழி சமைத்து, அவன் மனைவி யூ-ஜென்னுக்கு எடுத்துக்கொண்டு போவாள்.

காட்டுப்பன்றி அணியோடு காவ்ஷியுங்கில் நடந்த ஆட்டம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம். மழை நின்று வெயில் கொளுத்தியது. கூட்டம் நிரம்பி வழிந்தது. சுறா அணி சீக்கிரமே இரண்டு ரன் எடுத்துவிட்டது. ஆ-துங் முதல் இரண்டு இன்னிங்ஸில் பந்தைக் கத்திபோல் போட்டான். லிபோக் நீட்டிய இடத்தில் பந்து வந்து விழுந்தது. லிபோக்குக்கு மனசு லேசானது.

மூன்றாவது இன்னிங்ஸில், இரண்டு பேர் பேஸில் நிற்கும்போது, நடுவில் ஒரு பந்து வந்தது.

அடித்தவன் ஓடும் வழியில் சிரித்துக்கொண்டே போனான். இரண்டு பேரும் ஓடி வந்து சேர்ந்தார்கள். ஆட்டம் சமமானது.

லிபோக் முகமூடியைத் தலைக்கு மேல் தள்ளிவிட்டு மேட்டுக்குப் போனான். எதிரணி உதட்டைப் படித்துவிடும் என்று இருவரும் கையுறையால் வாயை மூடிக்கொண்டார்கள்.

"என்னடா, தோள் ஏதும் வலிக்குதா?"

"இல்லண்ணே. வேர்வை. கை வழுக்குது."

"மத்த பந்துக்கெல்லாம் வழுக்கலியே."

ஆ-துங் வேர்வை உறிஞ்சும் மாவுப் பையை எடுத்துக் கையில் தட்டிக்கொண்டே இருந்தான். லிபோக் திரும்பி வந்து குந்தியபோது முட்டி சடசடத்தது. பின்னால் நின்ற அம்பயர் பான், "உன் முட்டி சத்தத்துல எனக்குப் பந்து வர்ற சத்தமே கேக்க மாட்டேங்குது" என்றார். லிபோக் சிரிக்கவில்லை.

ஐந்தாவது இன்னிங்ஸில் மூன்றாவது பேஸில் ஆள் நின்றான். லிபோக் இரண்டு விரலைக் காட்டினான். அப்படியென்றால் கீழே வளைந்து இறங்கும் பந்து. கையுறையைத் தாழ்த்தி, விரித்து வைத்தான். ஆ-துங் தலையசைத்தான். அவன் கையிலிருந்து புறப்பட்டதோ முழு வேகத்து நேர்ப்பந்து. பேட்டர் தடுமாறி வீசித் தவறவிட்டான். லிபோக் கையுறையை மேலே கொண்டுபோவதற்குள் பந்து கட்டை விரலில் இடித்து, பின்னால் இருந்த தடுப்பு வலைப்பக்கம் ஓடியது. மூன்றாவது பேஸிலிருந்தவன் நடந்தே வந்து பலகையை மிதித்தான். பன்றிகள் மூன்று, சுறாக்கள் இரண்டு.

விரல் நொடியில் வீங்கியது. குறி தப்பலாம், ஆனால் தலையசைத்து ஏற்றுக்கொண்ட பந்துக்குப் பதிலாக வேறொன்றை எந்தப் பிட்சரும் தெரியாமல் போட மாட்டான். லிபோக் ஓடிய பந்தை எடுத்தான். அவன் மேட்டுக்குப் போனான்.

"ரெண்டு விரல் காட்டினேன்."

"தப்பாப் பாத்துட்டேன்."

"பொய் சொல்லாதடா. என் விரலைப் பாரு."

ஆ-துங் பார்க்கவில்லை. லிபோக்கின் மார்புக் கவசத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். அவன் உதடு வெளுத்திருந்தது.

"அண்ணே, இன்னிக்கு மட்டும் விட்டுடுங்க."

"எதை?"

"இந்த ஆட்டத்தை."

சுற்றிலும் ஊதுகுழலும் மேளமுமாகச் சத்தம். லிபோக்குக்கு அந்த இரண்டு சொல் தவிர எதுவும் கேட்கவில்லை. அங்கேயே அவன் கன்னத்தில் ஒன்று விட வேண்டும்போல் இருந்தது.

"இதுக்கு முந்தின ரெண்டும்?"

ஆமாம் என்று ஆ-துங் தலையை ஆட்டினான். அதற்குள் அம்பயர் பான் பாதி தூரம் வந்துவிட்டார். "என்னப்பா, பொண்ணு பாக்க வந்தீங்களா? போதும், போதும், வா."

அடுத்த பேட்டர் வந்து நின்றான். லிபோக் சைகை காட்டினான். எந்தச் சைகை என்று அவனுக்கே நினைவில்லை. பந்து ஒழுங்காக வந்தது. அந்த ஆள் உயரே அடித்து அவுட்டானான். அவனுக்குப் பின் வந்தவனுக்கு ஒரு பந்து போட்டதும் லிபோக் ஆட்டத்தை நிறுத்தச் சொல்லிக் கேட்டு மறுபடியும் மேட்டுக்கு ஓடினான். பெஞ்சில் கோச் லியாவ் கையை விரித்தார்.

"காசு வாங்கினியா?"

"என் பொண்ணு மேல சத்தியமா இல்லண்ணே. சூதாட்டக்காரனுங்க நாலு பேர் வீட்டுக்கு வந்தாங்க. குழந்தைக்குப் பழக்கூடை கொண்டு வந்தாங்க. ஒருத்தன் குழந்தைய வாங்கி மடியில வெச்சுக்கிட்டான். இன்னொருத்தன் துப்பாக்கிய எடுத்து மேஜை மேல, பழத்துக்குப் பக்கத்துல வெச்சான். யூ-ஜென் டீ போட்டு எடுத்துட்டு வந்தா. நாலு பேருக்கும் ஊத்திக் குடுத்தா. அவங்க போனதுக்கு அப்புறந்தான் உக்காந்து அழுதா."

"கோச்கிட்ட சொல்லலாம்."

"கோச் யாரு பக்கம்னு உங்களுக்குத் தெரியுமா? நம்ம பெஞ்சுல அவங்க ஆள் ஒருத்தன் இருக்கான் அண்ணே. யாருன்னு எனக்கே தெரியாது. நான் இங்க என்ன பேசினேன்னு சாயந்திரத்துக்குள்ள அவங்களுக்குப் போயிடுது."

"அப்ப கை வலின்னு வெளிய போயிடு."

"தைச்சுங் அணியில ஒருத்தன் அப்படித்தான் வலின்னு சொல்லி வெளிய போனான். அவனுக்கு இப்ப நடக்க முடியல." அவன் குரல் இறங்கியது. "வலைக்குப் பின்னாடி மூணாவது வரிசை, வெள்ளைத் தொப்பி. திரும்பிப் பாக்காதீங்க."

"இதுக்கு மேல வந்தா லீகுக்கு எழுதி அனுப்பிடுவேன்" என்று கத்திக்கொண்டே அம்பயர் வந்தார். லிபோக் திரும்பி நடந்தான். வலைப்பக்கம் பார்க்காமல் நடப்பது அத்தனை கஷ்டம் என்று அவனுக்கு அதுவரை தெரியாது. குந்தி உட்கார்ந்ததும் வெள்ளைத் தொப்பி நேராக அவன் முதுகுக்குப் பின்னால் இருந்தது.

இன்னிங்ஸ் முடிந்து பெஞ்சில் ஆ-துங் தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு ஓர் ஓரமாக உட்கார்ந்தான். லிபோக் பக்கத்தில் உட்கார்ந்து விரலைப் பனிக்கட்டியில் வைத்துக்கொண்டான். தண்ணீர் கொண்டுவந்த ஆள், மட்டை துடைக்கிற ஆள், தோள் பிடித்துவிடும் ஆள், துணைக் கோச், மாற்று ஆட்டக்காரர்கள் என்று எல்லாரையும் பார்த்தான். ஒவ்வொருவனும் தன்னையே பார்ப்பதுபோல் இருந்தது. இத்தனை வருஷம் இதே பெஞ்சில் உட்கார்ந்து சோறு தின்றவன், அன்று யாரையும் நம்ப முடியாமல் வியர்த்தான்.

ஆ-துங் வெளியே போக வேண்டும். ஆனால் அவனாகப் போகக் கூடாது; கோச் கூப்பிட்டும் போகக் கூடாது. இத்தனை பேர் பார்க்க, யாரும் சந்தேகப்பட முடியாதபடி அவனைத் தூக்கிக்கொண்டு போக வேண்டும். லிபோக் பனிக்கட்டியை உருட்டிக்கொண்டே அந்த யோசனையைப் பிடித்தான். பிடித்ததும் பனிக்கட்டியைக் கீழே போட்டுவிட்டான்.

ஆறாவது இன்னிங்ஸில் பன்றிகளின் முதல் ஆள் ஜுவாங். அந்த லீகிலேயே அவனைவிட வேகமாக ஓடுகிறவன் இல்லை. அவன் ஒரு பந்தைத் தட்டிவிட்டு முதல் பேஸுக்குப் போய்ச் சேர்ந்தான். அங்கே நின்றுகொண்டு, "தாத்தா, எந்திரிக்க முடியுமா, இல்ல ஆள் அனுப்பவா?" என்று லிபோக்கைப் பார்த்துக் கத்தினான்.

லிபோக் மேட்டுக்குப் போனான். அம்பயர் வாயைத் திறப்பதற்குள், "கடைசி தடவை சார்" என்றான்.

"ஜுவாங் ஓடுவான். நான் எறிவேன். நீ குனியாத."

ஆ-துங்குக்குப் புரிய ஒரு கணம் பிடித்தது.

"அண்ணே..."

"இடது தோள். சதையில. பந்து போடற கைக்கு ஒண்ணும் ஆகாது. திரும்பாத, குனியாத, கண்ணை மூடிக்கோ. விழுந்ததும் எந்திரிக்காத."

"தலையில பட்டுச்சுன்னா?"

"நான் எறியறேன்டா."

ஆ-துங் தொப்பியை இழுத்துவிட்டுக்கொண்டான். பிறகு, என்ன நினைத்தானோ, லேசாகச் சிரித்தான். "பானாய் அண்ணிகிட்ட கோழி நிறைய செய்யச் சொல்லுங்க."

முதல் பந்து. ஜுவாங் நான்கைந்து அடி முன்னால் வந்து, கையைத் தொங்கவிட்டு ஆடினான். ஓடவில்லை. பந்து வெளியே போனது.

இரண்டாவது பந்துக்கு பேட்டர் மட்டையை வீசினான். பந்து பக்கவாட்டில் கூட்டத்துக்குள் போய் விழுந்தது. அவன் அதை நேராக அடித்திருந்தால் லிபோக்குக்கு எறிய வாய்ப்பே இருந்திருக்காது. வியர்வை முகமூடிக்குள் கண்ணில் இறங்கி எரிந்தது. ஜுவாங் மறுபடி பேஸுக்குத் திரும்பி, லிபோக்கைப் பார்த்துக் கொட்டாவி விட்டுக் காட்டினான்.

ஓடுடா, என்று லிபோக் மனசுக்குள் கெஞ்சினான். தன் வாழ்நாளில் எதிரணிக்காரன் ஓட வேண்டும் என்று அவன் வேண்டிக்கொண்டதில்லை.

மூன்றாவது பந்து ஆ-துங்கின் கையை விடும் முன்பே ஜுவாங் கிளம்பிவிட்டான். பந்து கையுறையில் விழுந்தது. கட்டை விரலில் மின்சாரம் பாய்ந்ததுபோல் வலித்தது. லிபோக் எழுந்தான். முன்னால் மேட்டில் ஆ-துங் நின்றான், கண்ணை இறுக மூடிக்கொண்டு, தூக்குக் கயிற்றுக்கு முன்னால் நிற்பவனைப் போல. லிபோக் எறிந்தான்.

கடைசி நொடியில் ஆ-துங்கின் உடம்பு குனிந்தது. முழுக்க இல்லை, பாதி. அத்தனை வருஷப் பழக்கம்.

சத்தம் மட்டையில் பட்டதுபோல் கேட்டது. ஆ-துங் ஒரு பக்கமாகச் சாய்ந்து மண்ணில் விழுந்தான். கூட்டம் அப்படியே அடங்கியது. லிபோக் ஓடிப்போய் மண்டியிட்டபோது ஆ-துங்கின் கண் மேலே செருகியிருந்தது. பட்ட இடம் கழுத்துக்கு எவ்வளவு பக்கம் என்று லிபோக் பார்த்தான். நடிக்க வேண்டிய தேவையே இல்லாமல் அவன் அழுதான்.

"என்னடா பண்ணித் தொலைச்ச!" கோச் லியாவ் அவன் சட்டையைப் பிடித்து இழுத்துத் தள்ளினார். ஆ-துங்கைத் தூக்கிப் படுக்கையில் போட்டுக்கொண்டு போனார்கள். போகும்போது அவன் வாயைத் திறந்து மூச்சுவிடுவதை மட்டும் லிபோக் பார்த்தான். கூட்டத்திலிருந்து ஒரு டீ டப்பா பறந்து வந்து அவன் காலடியில் விழுந்தது. "உங்க ஊருக்கே போய்க் கடலைப் பாத்துக்கிட்டுக் கிட!" என்று ஒருவன் கத்தினான். வேறு பலரும் வேறு பலவற்றைக் கத்தினார்கள்.

மாற்று பிட்சர் வந்தான். லிபோக்கை மாற்றக் கோச்சிடம் வேறு கேட்சர் இல்லை. இருந்த ஒருவனுக்கு அன்று காய்ச்சல். விரலுக்கு மருந்து தெளித்துக் கட்டிக்கொண்டு லிபோக் மறுபடி குந்தினான்.

அவன் கணக்கில் இல்லாதது ஒன்று நடந்தது. சுறா அணி ஜெயிக்க ஆரம்பித்தது. ஏழாவதில் ஒரு ரன், எட்டாவதில் ஒரு ரன். நான்குக்கு மூன்று. பெஞ்சில் எல்லாரும் குதித்தார்கள். ஒவ்வொரு ரன்னுக்கும் லிபோக் விரலில் கட்டிய துணியைப் பிரித்து மறுபடி சுற்றினான். தோற்கட்டும் என்று அவனால் நினைக்க முடியவில்லை. ஜெயித்தால் என்ன ஆகும் என்று நினைக்காமலும் இருக்க முடியவில்லை.

ஒன்பதாவதில் இரண்டு பேர் அவுட். முதல் பேஸில் மறுபடியும் ஜுவாங். அவன் ஓடினான். தாத்தாவின் எறி இன்று கெட்டுப்போயிருக்கிறது என்று அவனுக்கும் தெரியும்.

யோசிக்க நேரம் இருந்திருந்தால் லிபோக் என்ன செய்திருப்பான் என்று அவனாலேயே சொல்ல முடியாது. பந்து வந்தது, எழுந்தான், கை எறிந்தது. புதுப் பிட்சர் அலறிக்கொண்டு குப்புற விழுந்தான். பந்து அவனுக்கு மேலே கோடு போட்டுப் போய், இரண்டாவது பேஸில் காத்திருந்தவன் கையுறைக்குள் விழுந்தது. சறுக்கிக்கொண்டு வந்த ஜுவாங்கின் கால் நேராக அதில் வந்து முட்டியது. ஜுவாங் அவுட். ஆட்டம் முடிந்தது.

எல்லாரும் லிபோக்கின் மேல் வந்து விழுந்தார்கள். அந்தக் குவியலுக்கு அடியிலிருந்து அவன் முதல் தடவையாக வலைப்பக்கம் பார்த்தான். மூன்றாவது வரிசையில் வெள்ளைத் தொப்பிக்காரன் எழுந்து, கால்சட்டையின் பின்பக்கத்தைத் தட்டிவிட்டு, நிதானமாகப் படியிறங்கினான்.

கார் நிறுத்துமிடத்தில் வெயில் இன்னும் இருந்தது. ஆஸ்பத்திரிக்குக் கிளம்பிய லிபோக்கின் வண்டிக்கு முன்னால் ஒரு வேன் வந்து நின்றது. வெள்ளைத் தொப்பிக்காரன் இறங்கினான். கோயில் திருவிழாவுக்குக் கொடுக்கும் பனியன், காலில் ரப்பர் செருப்பு, வாயில் வெற்றிலைப் பாக்கு. கூட இருவர்.

"வாங்க அண்ணே, நிழல்ல நின்னு பேசலாம்." குரல் மரியாதையாகத்தான் இருந்தது. "உங்க ஆட்டத்தை ரொம்ப வருஷமாப் பாக்கறேன். எங்கப்பாவுக்கு உங்கள ரொம்பப் பிடிக்கும்."

"ஆ-துங்கைப் பாக்கப் போகணும்."

"போகலாம். ஒரே ஒரு சந்தேகம். ஒன்பதாவதுல உங்க எறி நூல் பிடிச்ச மாதிரிப் போச்சு. ஆறாவதுல மட்டும் ஏன் அவனைத் தேடிக்கிட்டுப் போச்சு?"

"விரல்ல அடி. பந்து கையுறையில மாட்டிக்கிச்சு. சரியாப் பிடி கிடைக்கல. அப்புறம் மருந்து அடிச்சாங்க."

"எந்த விரல்?"

"இடது கட்டை விரல்."

"எறியறது வலது கையில்ல?"

"எடுக்கறது இடது கையிலேருந்துதானே." லிபோக் வண்டிச் சாவியை எடுத்தான். "எனக்கு வயசாயிடுச்சுப்பா. சொந்த பிட்சரை அடிச்சுப் போட்டுட்டேன். நீ வேற வந்து கேக்கற."

"காட்டுங்க பாப்போம்."

அவன் கட்டை மெல்லப் பிரித்தான். வீங்கிக் கறுத்திருந்த விரலை வைத்தியரைப் போலத் திருப்பிப் பார்த்தான். "ஆமா, வீங்கித்தான் இருக்கு" என்றான். பிறகு அதைப் பிடித்துப் பின்பக்கமாக மடக்கினான். உள்ளே ஏதோ அறுந்தது. லிபோக் வேனின் கதவில் சாய்ந்து மண்டியிட்டு விழுந்தான். வாயிலிருந்து வந்த சத்தம் தன்னுடையதுதான் என்று அவனுக்குத் தெரியவில்லை.

வெள்ளைத் தொப்பிக்காரன் கொஞ்ச நேரம் அவன் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு மற்றவர்களிடம், "நிஜமாத்தான் வலிக்குது" என்றான். பாக்கைத் துப்பினான். "ஆஸ்பத்திரிக்குப் போங்க அண்ணே. ரெண்டு பேரும் ஒரே இடத்துலயே காட்டிக்கலாம்."

ஆ-துங்குக்கு இடது காறை எலும்பு இரண்டாக உடைந்திருந்தது. அந்த ஆண்டு முழுக்க அவன் பந்து போட முடியாது என்றார்கள். அவனால் இனி யாருக்கும் பயன் இல்லை என்பதால் அவன் வீட்டுக்கு யாரும் பழக்கூடை கொண்டு வரவில்லை. ஆனாலும் பானாய் மறுநாளே யூ-ஜென்னையும் குழந்தையையும் தைதுங்கில் தன் அண்ணன் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டாள்.

லிபோக்கின் கட்டை விரலுக்கு அறுவை நடந்தது. ஆறியபிறகும் அது முன்போல் பந்தைத் தாங்கவில்லை. வேகமான பந்து வந்தால் கையுறை பின்னால் மடிந்துபோகும். பத்திரிகைகள் அவனைச் சொந்த பிட்சரைச் சுட்ட கேட்சர் என்றன. அவனைப் பார்த்தால் ஊர்ப் பிள்ளைகள் குனிந்து ஓடினார்கள். ஆண்டு முடிவில் சுறா அணி அவனை விட்டுவிட்டது. வேறு இரண்டு அணிகளில் போய் எறிந்து காட்டினான். "எறி நல்லாத்தான் இருக்கு. ஆனா உனக்குப் பந்து போட எங்க பிட்சருங்க பயப்படறாங்க" என்றார் ஒரு கோச், சிரிக்காமல். லிபோக் வணங்கிவிட்டு வந்தான். காரணத்தை யாரிடமும் சொல்ல முடியாது. சொன்னால் வெள்ளைத் தொப்பிக்குப் போய்ச் சேரும்.

அடுத்த ஆண்டு, வேறொரு ஆட்டக்காரன் போலீசுக்குப் போனதில் அந்தச் சூதாட்டக் கும்பல் பிடிபட்டது. சுறா அணியின் பெஞ்சில் அவர்களுக்கு உளவு சொன்னவன், தோள் பிடித்துவிடும் ஆள் என்று தெரியவந்தது. ஆ-துங் தானாகவே போய் எல்லாவற்றையும் சொன்னான். லிபோக்கைச் சாட்சிக்குக் கூப்பிட்டார்கள்.

"குறி வெச்சுத்தான் எறிஞ்சீங்களா?" என்று அரசு வக்கீல் கேட்டார்.

"ஆமா."

"எதுக்குக் குறி வெச்சீங்க?"

"தோள் சதைக்கு."

"பட்டது எலும்புல."

"அவன் குனிஞ்சுட்டான்."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். லிபோக்குக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த கோச் லியாவ் சிரிக்கவில்லை. வெளியே வந்ததும் அவன் கையைப் பிடித்து நிறுத்தினார். "என்னையும் அவங்க ஆளுன்னு நெனச்சியா?" என்று கேட்டார்.

"நெனச்சேன் கோச்."

அவர் அவன் கையை விட்டுவிட்டுப் படியிறங்கிப் போனார்.

ஆ-துங்கைச் சிறைக்கு அனுப்பவில்லை. ஆயுளுக்கும் பேஸ்பால் கூடாது என்று லீக் தடை போட்டது. லிபோக் மேல் குற்றம் எதுவும் இல்லை என்று சொன்னார்கள். வேலை கொடுப்பதாக யாரும் சொல்லவில்லை.

மழை பிடித்துக்கொண்டது. நீதிமன்றத்துக்கு எதிரில் ஒரு மாட்டிறைச்சி நூடுல்ஸ் கடை. இருவரும் உள்ளே போய் உட்கார்ந்தார்கள். கடைக்காரம்மா ஆ-துங்கைப் பார்த்தாள். ஒரே ஒரு கிண்ணத்தைக் கொண்டுவந்து லிபோக்கின் முன்னால் வைத்தாள்.

"இவருக்குக் குடுப்பேன். உனக்கு இங்க சாப்பாடு கிடையாது" என்றாள் ஆ-துங்கிடம். "எங்க வீட்டுக்காரர் ஒரு ஞாயித்துக்கிழமை விடாம ஸ்டேடியத்துக்கு வருவாரு. இப்ப டிவியில கூடப் பாக்கறதில்ல. ஜெயிச்சாலும் தோத்தாலும் எதை நம்பறதுங்கறாரு."

ஆ-துங் எழுந்தான். "நீங்க சாப்பிடுங்கண்ணே. நான் வெளிய நிக்கறேன்."

லிபோக்கும் எழுந்திருக்கத்தான் பார்த்தான். ஆனால் கால் எழவில்லை. அந்த இரண்டு ஆட்டங்கள் நினைவுக்கு வந்தன. கோச் திட்டியதும், வீட்டில் உட்கார்ந்து விரலை மடக்கி மடக்கி எண்ணியதும். அந்த நாட்களில் ஆ-துங் ஒரு வார்த்தை சொல்லாமல் அவன் தட்டிலிருந்து கறி எடுத்துத் தின்றிருக்கிறான். துப்பாக்கிக்கு முன்னால் நின்றவன்மேல் கோபப்படக் கூடாது என்று இவ்வளவு நாள் அடக்கி வைத்திருந்தது இப்போது அடங்கவில்லை. அவன் குச்சியை எடுத்தான். இடது கட்டை விரல் கிண்ணத்தைச் சரியாகப் பிடிக்கவில்லை. மேஜைமேல் வைத்துக் குனிந்து சாப்பிட்டான். நிதானமாக, கடைசிச் சொட்டு சாறு வரைக்கும் சாப்பிட்டான். கண்ணாடிக்கு வெளியே ஆ-துங் கூரை ஓரத்தில் ஒண்டிக்கொண்டு நிற்பது தெரிந்தது.

வெளியே வந்தபோது ஆ-துங்கின் ஒரு பக்கச் சட்டை நனைந்திருந்தது.

"நல்லா இருந்துச்சா அண்ணே?"

"நல்லா இருந்துச்சு."

"என் மேல கோபமா இருக்கீங்க."

"ஆமா."

"எத்தன நாளைக்கு?"

"தெரியாதுடா." லிபோக் குடையை விரித்து, பாதியை அவன் பக்கம் சாய்த்தான். "வா. ஸ்டேஷன்ல சோத்துப் பொட்டலம் விப்பாங்க. வாங்கித் தின்னுட்டு வண்டி ஏறு. யூ-ஜென் காத்துக்கிட்டு இருப்பா."